அவசரப்பட்டுப் பாவம் கழுவிய சோலின்

இது நடந்த கதை. ஒரு சொல் கூட்டவில்லை, ஒரு சொல் குறைக்கவில்லை. மண்ணைத் தொட்டு நாக்கில் வைத்துச் சத்தியம் செய்தாயிற்று, எல்லோரும் பார்த்தீர்கள். சரி, முன்வரிசையில் இருப்பவர்கள் முறைக்கிறார்கள், உண்மையைச் சொல்லிவிடுகிறேன். விரல் தொட்டது மண்ணை இல்லை, பாயை. பாய் மேல் செய்த சத்தியம் பாய் தாங்குகிற அளவுக்குத்தான் தாங்கும். ஆகவே நாலு பங்கு நடந்தது, ஒரு பங்கு நான் ஊதியது. எது எந்தப் பங்கு என்று கேட்காதீர்கள், எனக்கே மறந்துவிட்டது.

கதைக்கு உரியவன் எங்கும் போகவில்லை. அதோ அடுப்பங்கல் பக்கத்தில், கையில் கோப்பையை வைத்துக்கொண்டு, இன்னும் குடிக்காமல் நுரையையே பார்த்துக்கொண்டிருக்கிறானே, அவன்தான் சோலின். என் தங்கை நெகாவலின் புருஷன். இன்று அவன் பேரனுக்குப் பெயர் வைத்தாயிற்று. குழந்தையைக் குளிப்பாட்டி, கட்டைவிரல் நீளத்தில் ஒரு வில்லையும் அம்பையும் கையில் கொடுத்து, பிறந்த நாளின் பெயரையே அவன் பெயராக ‘ஏழு பூ’ என்று ஊர் கேட்கக் கூவியாயிற்று. மிச்சம் ஒன்றுதான். தாத்தாக்காரன் தன் கோப்பையிலிருந்து அடுப்பு நெருப்புக்கு முதல் சொட்டு ஊற்ற வேண்டும். ஆனால் சும்மா ஒரு தாத்தா ஊற்றினால் நெருப்புச்சாமி ஏற்காது. பாவத்தைக் கழுவியபின் திரும்ப அழுக்காகாத தாத்தாவாக இருக்க வேண்டும். சோலின் அப்படிப்பட்ட தாத்தாதானா? இதுதான் கேள்வி. பதிமூன்று வருஷமாக எங்கள் வீட்டில் மெல்லவும் முடியாமல் துப்பவும் முடியாமல் கிடக்கிற கேள்வி.

எங்கள் ஒதோம்பானில் ஆளைவிடக் கற்றாழை அதிகம், உயரத்திலும் சரி, எண்ணிக்கையிலும் சரி. சோலின் அதில் பதநீர் எடுக்கிறவன். கற்றாழையின் நடுக்குருத்தைக் குடைந்துவிட்டு, அதில் ஊறுகிற பதநீரை நீளச் சுரைக்குடுக்கையால் வாய் வைத்து உறிஞ்சி எடுக்க வேண்டும். காலையில் ஒரு தடவை, மாலையில் ஒரு தடவை. சோலின் உறிஞ்சினால் கற்றாழைக்கே கன்னம் ஒட்டிப்போகும். ஒரே மூச்சில் ஒரு பானை. ஒருமுறை பக்கத்து வயலில் நின்ற கற்றாழையும் சேர்ந்து வற்றிவிட்டது என்று அதன் சொந்தக்காரன் சண்டைக்கு வந்தான்.

பதநீர் குடிப்பதில் தப்பில்லை. அது புளித்துக் கள்ளானால்தான் வம்பு. கள்ளுக்குள் நானூறு முயல்கள் இருக்கின்றன. நானூறு முலை கொண்ட கற்றாழைத் தாயிடம் பால் குடித்து வளர்ந்த சாமிகள் அவை, மூக்கில் பிறை நிலாவைத் தொங்கவிட்டுக்கொண்டு திரிகிறவை. ஒருவன் குடித்தால் அதில் ஒரு முயல் அவனுக்குள் குதிக்கும். சிலருக்கு அழுகிற முயல். சிலருக்கு அடிக்கிற முயல். எனக்கு வாய்த்தது பேசுகிற முயல். சோலினுக்கு வாய்த்ததோ மன்னிப்புக் கேட்கிற முயல். இரண்டு கோப்பை உள்ளே போனால் போதும், வயலில் ஒவ்வொரு கற்றாழையாகக் கட்டிப்பிடித்து, “உன் குருத்தக் குடைஞ்சுட்டேனே தாயி, மன்னிச்சுரு” என்று கும்பிடுவான். கற்றாழையைக் கட்டிப்பிடித்தால் என்ன ஆகும் என்று நான் சொல்ல வேண்டாம். மறுநாள் நெகாவல் அவன் நெஞ்சிலிருந்து பிடுங்கிய முள்ளில் ஒரு வேலியே போடலாம்.

இதெல்லாம் திருட்டுத்தனமாகத்தான். தலை நரைத்துப் பேரப்பிள்ளை கண்டவர்கள் குடிக்கலாம். நாலு கோப்பை வரைக்கும் யாரும் எதுவும் கேட்கமாட்டார்கள். சின்ன வயசுக்காரன் மாட்டினால் சந்தையில் நிறுத்தித் தலையை மொட்டையடிப்பார்கள், வீட்டையும் இடித்துப்போடுவார்கள். சோலினுக்கு அப்போது முப்பத்தெட்டு வயது. தலையில் ஒரு நரை கிடையாது.

அந்த வருஷம் கள்ளிப்பழம் கொள்ளையாகக் காய்த்தது. சோலின் ஒரு நாள் வரப்பில் உட்கார்ந்து நாற்பது பழம் தின்றான். நெகாவலைக் கேட்டால் அறுபது என்பாள். நான் நானூறு என்றே வைத்துக்கொள்கிறேன். கள்ளிப்பழத்து விதை வயிற்றுக்குள் போய்ச் சுவர் எழுப்பிவிட்டது. மூன்று நாளாக உள்ளே போனது வெளியே வரவில்லை. வயிறு கோயில் முரசு மாதிரி ஆகிவிட்டது, தட்டினால் பக்கத்துத் தெருவில் ஆட ஆரம்பித்துவிடுவார்கள்.

நாலாம் நாள் பார்த்து அது வந்தது. வாலைத் தூக்கி நாற்றம் பீய்ச்சுமே, கறுப்பும் வெள்ளையுமாக, அந்த நாற்றக்கீரி. நேராகச் சோலின் வீட்டுக்குள் நுழைந்து, சோளக்குதிர் பக்கம் திரும்பி, தன் வேலையைக் காட்டிவிட்டுப் போயிற்று. நாற்றக்கீரி வீட்டுக்குள் விட்டுப்போனால் வீட்டுக்காரன் சாவான் என்பது தெரிந்த விஷயம்தானே. அந்த நாற்றத்தில் எச்சில் துப்பினால் தலை நரைத்துவிடும் என்பதும் தெரிந்ததுதான். ஆகவே நெகாவல் வாயை இரண்டு கையாலும் பொத்திக்கொண்டு, “துப்பாதய்யா! முழுங்கு!” என்று விரலிடுக்கு வழியாகக் கத்தினாள்.

“நரைச்சா என்ன, நரைக்காட்டி என்ன? நான்தான் சாகப்போறேனே” என்று சோலின் படுத்தபடியே அழுதான். “நெகாவலு, என்னைய மசாத்தல் சாமிகிட்ட கூட்டிப்போ. எல்லாத்தையும் சொல்லிக் கழுவிரணும்.”

“யோவ், பொறுய்யா. அழுக்குத் தின்னுற அம்மன் ஒரு ஆளுக்கு ஒரு தடவைதான் வாயத் தொறப்பா. அவ தின்ன தப்புக்கு ஊர்த் தண்டனை கெடையாது, அதுக்கப்புறம் பண்ணுற தப்புக்கு உண்டு. ஊர்ல எல்லாரும் பல்லு விழுந்து, கண்ணு மங்கி, இனிமே தப்புப் பண்ணத் தெம்பு இல்லைனு ஆனப்புறந்தான் போறாங்க. நீ முப்பத்தெட்டு வயசுல போறேங்கிற?”

“செத்தப்புறம் எப்படிப் போறது?”

“ரெண்டு நாள் பாப்போம். வயித்து வலிக்கெல்லாம் அம்மனக் கூப்புட முடியுமா?”

அவன் கேட்கவில்லை. புதுப்பாய் ஒன்று, சாம்பிராணி ஒரு கட்டி, இதையெல்லாம் அவளைத் தூக்க வைத்து, வயிற்றைத் தான் தூக்கிக்கொண்டு போனான்.

மசாத்தல் நாள் பார்த்துச் சொல்கிறவர். படம் எழுதிய புத்தகம் வைத்திருக்கிறவர். அழுக்குத் தின்னும் அம்மனுக்கு ஊரில் அவர்தான் காது. வாயைச் சுற்றிக் கறுப்புப் பூசி, தலையில் நூல் கதிரைச் செருகிக்கொண்டு நிற்பாளே அந்த அம்மன், அவள் வாய் ஏன் கறுப்பு என்று நினைக்கிறீர்கள்? நம்முடைய அழுக்கைத் தின்று தின்றுதான்.

மசாத்தல் நெருப்பில் சாம்பிராணி போட்டார். “ஆரம்பத்துலருந்து சொல்லு” என்றார்.

சோலின் ஆரம்பத்திலிருந்து சொன்னான். பதினாலு வயதில் மாமன் குடுவையில் விரல் விட்டு நக்கியதிலிருந்து தொடங்கினான். எந்தப் பானை, எந்த வயல், நுரை எவ்வளவு, புளிப்பு எப்படி. சாம்பிராணி தீர்ந்தது. விறகு தீர்ந்தது. காலையில் தொடங்கியவன் மதியத்துக்கு இருபத்திரண்டாவது வயதுக்குத்தான் வந்திருந்தான்.

“தம்பி, நீ பாவத்தச் சொல்றியா, எனக்கு ஆசை காட்டுறியா?” என்றார் மசாத்தல், நாக்கால் உதட்டைத் தடவிக்கொண்டு. “சுருக்கமா முடி.”

தண்டனையும் சுருக்கமாகத்தான் கொடுத்தார். நாலு நாள் பட்டினி, நாக்கில் முள்ளால் ஓட்டை போட்டுக் குச்சி இழுக்க வேண்டும். எத்தனை முயலோ அத்தனை குச்சி. சோலின் நாக்கு வீங்கி வாய் மூட முடியாமல் போயிற்று. என் தங்கை சொல்வாள், கல்யாணம் ஆன நாளிலிருந்து அவள் நிம்மதியாக இருந்த நாலு நாள் அவைதானாம்.

நாலு நாள் பட்டினி என்றால் என்ன? மேலே இருந்து எதுவும் இறங்கவில்லை. கீழே இருந்த சுவர் யோசித்துப் பார்த்தது. ஐந்தாம் நாள் விடியும்போது இடிந்தது. அந்தச் சத்தத்துக்கு மலைமேல் மேகம் கலைந்தது என்பார்கள். நான் அந்த அளவுக்குச் சொல்லமாட்டேன், பாதி மேகம்தான் கலைந்தது. வயல் வரப்பிலிருந்து எழுந்து வந்த சோலின் வான்கோழிச் சேவல் மாதிரி நெஞ்சை நிமிர்த்தி நின்றான். பசித்தது. சோளக் கொழுக்கட்டை எட்டு தின்றான். ஒன்பதாவதை வாயில் வைக்கும்போதுதான் உறைத்தது.

“நெகாவலு, நான் சாகல.”

“தெரியுது.”

“எல்லாத்தையும் கழுவிட்டேன்.”

“ஊருக்கே தெரியும்.”

“அப்போ இனிமே?”

“இனிமே ஒரு சொட்டு நாக்குல பட்டாலும் அம்மன் வரமாட்டா. ஒன் வீட்டுச் சாப்பாடு அவளுக்கு முடிஞ்சுபோச்சு. மாட்டுனா மொட்டையும் உண்டு, இடிச்ச வீடும் உண்டு, ஒளிஞ்சுக்க எடம் மட்டும் இல்ல. நான் அன்னைக்கே சொன்னேன்.”

ஒன்பதாவது கொழுக்கட்டை கீழே விழுந்தது.

அன்றிலிருந்து சோலின் மாதிரி ஒழுக்கமானவன் இந்த ஏரி நாட்டிலேயே கிடையாது. பயம் ஒருவனை எவ்வளவு நல்லவனாக்கும் என்று அவனைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டோம். பதநீர் எடுக்கும்போது இரண்டு மூக்கிலும் பஞ்சு. எடுத்த பதநீர் வெயிலில் குமிழி விட ஆரம்பிப்பதற்குள் பானையோடு ஓடுவான். அவன் ஓடுகிற வேகத்தில் எதிரே வந்த நாய்கள் திரும்பி நின்று தாங்களும் ஓடின. பானையில் ஒரு குமிழி கண்டால் கண்ணை மூடிக்கொண்டு, “தங்கச்சி யாராச்சும் இந்தப் பானைய வாங்கிக்கங்களேன்” என்று நடுத்தெருவில் நிற்பான். பெண்கள் வாங்கிக்கொண்டார்கள். பிறகு பானை திரும்பி வந்ததில்லை.

ஒரு வருஷம் இப்படிப் போயிற்று. பேரன் பிறக்க வேண்டும் என்றால் முதலில் மகள் வளர வேண்டும். மகளுக்கு அப்போது ஆறு வயது. ஆனால் கள் ஊற்றுகிற கிழவர் தெகோல் இருக்கிறாரே, அதோ ஊன்றுகோலோடு உட்கார்ந்திருக்கிறார், அவர் பேரன் கணக்கெல்லாம் கேட்கிறவர் இல்லை. அவர் கண்ணுக்குத் தலைமுடியின் நிறம் தெரிந்தாலே பெரிது. விருந்து நாளில் வரிசையில் வெள்ளைத் தலை வந்தால் ஊற்றுவார், கறுப்புத் தலை வந்தால் கோலால் அடிப்பார்.

சோலின் யோசித்தான். கிழவன் குடித்தால் பாவம் இல்லை. பாவம் இல்லையென்றால் அம்மனுக்கும் வேலை இல்லை. தலை நரைத்தால் கிழவன். தலை நரைக்க என்ன வழி?

மூன்று நாள் கற்றாழைக் காட்டில் நாலு காலில் தவழ்ந்து நாற்றக்கீரியைத் தேடினான். கண்டுபிடித்தான். அதுவும் அவனைக் கண்டுபிடித்தது. நேருக்கு நேர், ஒரு முழ தூரத்தில், அது திரும்பி நின்று வாலைத் தூக்கியபோது சோலின் மாதிரி சிரித்த முகத்தோடு அதை வாங்கிக்கொண்டவன் உலகத்தில் வேறு யாரும் இல்லை. பிறகு துப்பினான். வலப்பக்கம் துப்பினான், இடப்பக்கம் துப்பினான், வாய் வறண்டதும் பதநீர் குடித்துவிட்டு வந்து துப்பினான். அவன் வீட்டுக்கு நடந்து வந்தபோது தெருவே மூக்கைப் பிடித்தது. பழக்க தோஷத்தில் பாதித் தெரு துப்பியும் விட்டது. பிறகு நினைவு வந்து, தலையைத் தடவிக்கொண்டு ஓலமிட்டது.

மறுநாள் விடிந்தது. ஒருவனுக்கும் ஒரு முடியும் நரைக்கவில்லை.

நெகாவல்தான் அவனை வாசலில் நிறுத்தி வைத்துக் கழுவினாள். வெறும் தண்ணீருக்கு நாற்றம் போகவில்லை. சாம்பலுக்குப் போகவில்லை. கடைசியில் சோளம் வேகவைக்கக் கரைத்து வைத்திருந்த சுண்ணாம்பை அப்படியே தலையில் கவிழ்த்தாள். வெயிலில் காய்ந்தது. சோலின் பானைத் தண்ணீரில் முகம் பார்த்தான். அங்கே ஒரு கிழவன் பல்லெல்லாம் தெரியச் சிரித்தான்.

“ஏய்யா, வேணாம். அந்தச் சிரிப்பு நல்லா இல்ல.”

“நாளைக்கு மழைச்சாமி விருந்து, நெகாவலு. நான் தலைல கைய வைக்கமாட்டேன், நீயும் வைக்காத.”

மறுநாள் கிழவர்கள் வரிசையில் சோலின் நின்றான், முதுகை வளைத்து, இரவல் வாங்கிய ஒரு கோலோடு. அவனுக்கு முன்னால் நின்றவர் யார் தெரியுமா? மசாத்தல் சாமி. திரும்பிப் பார்த்தார். மோந்து பார்த்தார். சுண்ணாம்பு வாசம், கீரி வாசம், இரண்டும் சேர்ந்து ஒரு வாசம். ஒன்றும் பேசாமல் திரும்பிக்கொண்டார். தன்னிடம் சொன்னதை அவர் வெளியில் சொல்லக் கூடாது, அதுதான் அவர் விரதம்.

தெகோல் ஊற்றினார். நுரை விளிம்புக்கு மேல் ஏறி நின்றது. சோலினின் கை நடுங்கியது. அந்த நடுக்கத்தைப் பார்த்துத் தெகோல், “பாவம், ரொம்ப வயசாயிருச்சு” என்று இன்னும் கொஞ்சம் ஊற்றினார்.

குடிக்கிறவன் முதலில் நாலு திசைக்கும் கொஞ்சம் தெளிக்க வேண்டும். சோலின் கிழக்கே தெளித்தான். வடக்கே தெளித்தான். மேற்கே தெளித்தான். ஒவ்வொரு திசைக்கும் கொஞ்சம் கூடுதலாகவே தெளித்தான். பயம்தான், வேறென்ன. அம்மனின் கறுப்பு வாய் அவன் கண்முன்னால் இறுக மூடியிருந்தது. தெற்கே திரும்பி, கோப்பையை உதட்டுக்கு அருகில் கொண்டுவந்து, தெளிப்பதா குடிப்பதா என்று நின்றான். அந்த நேரத்தில்தான் மழைச்சாமி தன் விருந்துக்குத் தானே வந்துவிட்டார்.

அது மழையா? வானத்தில் யாரோ ஏரியைக் கவிழ்த்தார்கள். தலைச் சுண்ணாம்பு கரைந்து சோலினின் இரண்டு கண்ணிலும் இறங்கியது. “ஐயோ எரியுதே!” என்று வாயைப் பிளந்து குதித்தான். கோப்பை கையிலிருந்து மேலே பறந்தது. மழையும் கள்ளும் சுண்ணாம்பும் ஒன்றாக அவன் முகத்தில் விழுந்தன. வாய் திறந்திருந்தது. வாய்க்குள் போனது எது? அதைத்தான் யாரும் பார்க்கவில்லை.

யாரும் பார்க்காததற்குக் காரணம் உண்டு. எல்லோரும் அவன் தலையைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெள்ளைத் தலை கண்ணெதிரே கறுத்துக்கொண்டு வந்தது. தெகோல்தான் முதலில் கத்தினார். “இளமை திரும்புதுடா! மழைச்சாமி இளமை குடுக்குறார்டா!” அவ்வளவுதான். ஊரில் இருந்த அத்தனை கிழவர்களும் கோப்பையைக் கீழே போட்டுவிட்டு, கோலைக் கீழே போட்டுவிட்டு, மழையில் போய் முகத்தைத் தூக்கி நின்றார்கள். கிழவிகள் அவர்களைத் தள்ளிவிட்டு முன்னால் நின்றார்கள். அந்தக் கூட்டத்தில் நெகாவல் புகுந்து புருஷனின் காதைப் பிடித்து வீட்டுக்கு இழுத்து வந்தாள். தலை மொட்டையாகவில்லை, வீடு இடியவில்லை.

மழை விட்டதும் சோலின் மசாத்தல் வீட்டுக்கு ஓடினான்.

“சாமி, ஒரு சொட்டு உள்ள போயிருந்தா?”

“போயிருந்தா அழுக்கு. போகலேனா சுத்தம்.”

“போச்சா போகலையானு எனக்கே தெரியலையே சாமி. நாக்கு வீங்குனதுலருந்து ருசி சரியாத் தெரியல.”

மசாத்தல் புத்தகத்தை முதல் மடிப்பிலிருந்து கடைசி மடிப்பு வரை விரித்துப் பார்த்தார். “இதுக்குப் படம் போடல தம்பி” என்று மடித்து வைத்தார்.

அதற்குப் பிறகு பதிமூன்று வருஷம். ஒரு சொட்டு கிடையாது, அதற்கு நான் சத்தியம் செய்வேன், இந்தத் தடவை மண்ணைத் தொட்டே. மூக்கில் பஞ்சு, கையில் பானை, ஓட்டம். கற்றாழைகளிடம் மட்டும் இப்போதும் மன்னிப்புக் கேட்கிறான், முயல் இல்லாமலே. மகள் வளர்ந்தாள், கல்யாணம் ஆயிற்று, இன்று பேரன் வந்தாயிற்று. தலையைப் பாருங்கள், இந்த நரை சுண்ணாம்பில்லை, நான் தேய்த்துப் பார்த்துவிட்டேன். ஆக, மச்சான் கையில் இருக்கிறதே, அது பதினாலு வருஷத்தில் அவனுடைய முதல் கோப்பை. அல்லது இரண்டாவது.

“மொதோ கோப்பை!” என்றான் சோலின். “உள்ள போனது மழை. வெறும் மழை.”

“கள்ளு” என்றாள் நெகாவல், குழந்தையைத் தோளில் மாற்றிப் போட்டுக்கொண்டு. “காதப் பிடிச்சு இழுத்துட்டு வந்தவ நான். வாய மோந்து பாத்தேன்.”

“கீரி நாத்தத்துல ஒனக்கு வேற என்னடி வாசம் தெரிஞ்சிருக்கும்?”

“ஒன் வாய்க் கள்ளு வாசம் எனக்குத் தெரியாதா? அண்ணே, நீயே சொல்லு. இந்த மனுசன் எம் பேரனுக்காக நெருப்புல சொட்டு ஊத்தலாமா?”

“புத்தகத்துல படம் இல்ல” என்றார் மசாத்தல், யாரும் கேட்காமலே.

அப்போது மூலையிலிருந்து ஒரு குரல் மெதுவாக வந்தது. “சுண்ணாம்பா?”

தெகோல். ஊன்றுகோலை ஊன்றி எழுந்துகொண்டிருந்தார்.

“அன்னைக்கு... அது சுண்ணாம்பாடா?”

அவரை மறந்தே போயிருந்தோம்.

“பதிமூணு வருசம்டா! ஒவ்வொரு மழைக்கும் அம்மணமா வாசல்ல நிக்கிறேன்டா! சளி புடிச்சு, இருமல் புடிச்சு, மருமக சிரிச்சு... இந்த வருசம் கறுக்கும், அடுத்த வருசம் கறுக்கும்னு... சுண்ணாம்பாடா அது!”

“பெரியவரே, கோல கீழ போடுங்க” என்று சோலின் பின்னால் நகர்ந்தான்.

கோல் கீழே போகவில்லை, மேலே போயிற்று. இறங்கியபோது சோலின் தலை அங்கே இல்லை, கோப்பைதான் இருந்தது. கோப்பை கவிழ்ந்து, பதினாலு வருஷக் கள்ளும் நுரையோடு நேராக அடுப்பு நெருப்பில் விழுந்தது. நெருப்பு சீறியது, புகைந்தது, அணையப்போனது, அப்புறம் கூரை உயரத்துக்கு எழும்பி எரிந்தது.

“ஏத்துக்கிச்சு! பாத்தியா, நெருப்புச்சாமி ஏத்துக்கிச்சு!” என்று சோலின் கைதட்டினான்.

“நீ எங்கய்யா ஊத்துன? ஊத்துனது அவரு!” என்றாள் நெகாவல்.

“கோப்பை என் கைல இருந்துச்சுல்ல?”

“அடிச்சது யாரு? நான்!” என்றார் தெகோல். “அப்போ இவன் எம் பேரன்!”

“யாரு பேரன்னு சொன்னீங்க?” என்று குழந்தையின் அப்பாவழித் தாத்தா எழுந்தார். மசாத்தல் புத்தகத்தைத் தலைக்கு மேல் பிடித்துக்கொண்டார். யாரோ என் பாயை இழுத்தார்கள், யாரோ என் கோப்பையைத் தட்டிவிட்டார்கள். மூன்றாவது கோப்பை, அதிலும் பாதிதான் குடித்திருந்தேன்.